ஐந்தாம் ஆண்டுப் பிள்ளைக்கு இரண்டு வார்த்தை

பெனர் அடிக்கும் தொழிலில் மை தீர்வதற்கு முன்னாலேயே வார்த்தை தீர்ந்துவிடும்.

தலவாக்கலை டவுனில் நானும் என் வீட்டுக்காரர் செல்வாவும் ஒரு சின்னக் கடை வைத்திருக்கிறோம். அவர் மெஷினைப் பார்ப்பார். நான் கம்பியூட்டரில் எழுத்துக் கோப்பேன். கோயில் திருவிழா, பூப்புனித நீராட்டு விழா, கண்ணீர் அஞ்சலி என்று வருஷம் முழுக்க ஏதாவது வந்துகொண்டே இருக்கும். அதற்கெல்லாம் வசனம் ஒரு பிரச்சினை இல்லை. பழைய வசனத்தில் பெயரையும் படத்தையும் மாற்றினால் போதும். கண்ணீர் அஞ்சலியில் படம் வந்தவர்கள் யாரும் இதுவரை கடைக்கு வந்து குறை சொன்னதில்லை.

ஐந்தாம் ஆண்டு முடிகிற காலம் வந்தால்தான் எங்கள் பாடு திண்டாட்டம். இந்தப் பக்கத்துத் தோட்டப் பள்ளிக்கூடங்கள் பலவற்றில் ஐந்தாம் ஆண்டோடு வகுப்பு முடிந்துவிடும். அதுவரைக்கும் தோட்டத்து வரிசை வீடான லயத்திலிருந்து கூப்பிடு தூரத்தில் படித்த பிள்ளை, ஆறாம் ஆண்டுக்கு பஸ் ஏறி டவுனில் இருக்கிற பெரிய ஸ்கூலுக்குப் போக வேண்டும். அதனால் பெற்றவர்களும் டீச்சர்மாரும் பெனர், கப், மெடல் என்று தேடி வருவார்கள். "பிள்ளைக்குத் தைரியம் குடுக்கிற மாதிரி நல்லதா ரெண்டு வார்த்தை போடுங்க" என்பார்கள். என்ன வார்த்தை என்று கேட்டால், "அது உங்களுக்குத்தானே தெரியும்" என்பார்கள். பிரியாவிடை நாளில் யாராவது ஆட்டோகிராஃப் புத்தகத்தை நீட்டியதும் பேனாவைக் கடித்துக்கொண்டு நின்ற அனுபவம் உங்களுக்கும் இருக்கும். அப்படி நிற்பதையே தொழிலாக வைத்துக்கொண்டவள் நான். என் வேதனை உங்களுக்குப் புரியாமல் போகாது.

சிகரத்தை நோக்கி

அவர் அக்கரப்பத்தனைப் பக்கம் ஒரு தோட்டத்தில் மேல் டிவிஷன் பள்ளிக்கூடத்து டீச்சர். மழைக்கோட்டைக் கழற்றாமலே வந்து நின்றார். பிரியாவிடைக்கு ஒரு பெனர் வேண்டும், பஸ் போய்விடும், அவசரம் என்றார். அந்த மாதிரி அவசரக்காரர்களுக்கென்றே என்னிடம் தயாராக ஒரு படம் இருக்கிறது. பின்னால் பனி மூடிய மலை, உச்சியில் கையை விரித்துக்கொண்டு ஒரு பையன், மேலே கொட்டை எழுத்தில் 'சிகரத்தை நோக்கிச் செல்லுங்கள்'. கம்பியூட்டரை அவர் பக்கம் பெருமையோடு திருப்பினேன்.

டீச்சர் மூக்குக் கண்ணாடியில் இருந்த மழைத் தண்ணீரைத் துடைத்துவிட்டு நிதானமாகப் பார்த்தார். பிறகு பள்ளிக்கூடத்துக்குப் போகிற வழியை எனக்கு விளக்கத் தொடங்கினார். பஸ் தோட்டத்து ஸ்டோரோடு, அதாவது தேயிலை ஃபெக்டரியோடு, நின்றுவிடும். அதற்கு மேலே கொழுந்து லொறி போகிற பாதை. லொறியும் போகாத இடத்திலிருந்து படிக்கட்டு. படிக்கட்டு முடிகிற இடத்தில் பள்ளிக்கூடம். அதற்கு மேலே தேயிலைகூட இல்லை, வெறும் பாறை. இதையெல்லாம் சொல்லி முடித்துவிட்டு, கோபமே இல்லாமல் கேட்டார்: "எங்க பிள்ளைங்க பொறந்ததே சிகரத்துலதாங்க அக்கா. இனி படிக்கணும்னா கீழ எறங்கணும். 'பார்த்து எறங்குங்க'ன்னு ஏதாச்சும் அழகா போட முடியுமா?"

அதிபரும் உப அதிபரும்

ஒரு பாடசாலை அதிபரும் அவருடைய உப அதிபரும் சேர்ந்தே கடைக்கு வந்தார்கள். சேர்ந்து வந்ததுதான் வினையாகிப் போனது. நான் 'வாழ்த்துகள்' என்று தட்டினேன். "க் எங்கம்மா?" என்றார் அதிபர். "க் வராது சேர்" என்றார் தமிழ் படிப்பிக்கிற உப அதிபர். "நான் இத்தன வருஷமா க் போட்டுத்தானே வாழ்த்துறேன் சேர்." "அதத்தான் சேர் நானும் இத்தன வருஷமா சொல்ல நெனச்சேன்." ஒருவரையொருவர் சேர் சேர் என்று மரியாதை குறையாமலே சண்டை போட்டார்கள். கண்ணீர் அஞ்சலி அடிக்க வந்து பெஞ்சில் உட்கார்ந்திருந்த ஒருவர், துக்கத்தைக் கொஞ்ச நேரம் ஒத்திவைத்துவிட்டு அதிபர் பக்கம் சேர்ந்துகொண்டார்.

செல்வாவுக்கு இலக்கணம் தெரியாது, மெஷின் தெரியும். அந்த 'க்' மட்டும் தனி ஸ்டிக்கராக வருகிற மாதிரி அடித்து, பெனரில் அதற்கென்று விட்ட இடத்தில் ஒட்டிக் கொடுத்தார். ஒட்டினால் அதிபருக்கு, உரித்தால் உப அதிபருக்கு. இருவரும் சமாதானமாகப் போனார்கள். விழா நடந்த அன்று அடித்த காற்றில், பாட்டு நடந்துகொண்டிருக்கும்போதே 'க்' பறந்துவிட்டதாம். ஒரு பக்கம் 'வாழ்த்து', நடுவில் வெற்றிடம், மறுபக்கம் தனியாகக் 'கள்'. சின்னப் பிள்ளைகள் விழாவில் கள் தனியாக நிற்கலாமா? அதிபர் அடுத்த வாரம் கடைக்கு வந்தபோது நானே முந்திக்கொண்டு மன்னிப்புக் கேட்டேன். அவர் சிரித்துவிட்டார். "அட விடும்மா. மேடையில நின்ன பிள்ளைங்கள்ல பாதிப் பேருக்குப் பல்லு விழுந்திருக்கு. பெனருக்கும் பல்லு இல்லன்னு அதுங்களுக்கு ஒரே சந்தோசம்."

வகைக்கு ஒரு மெடல்

ஒரு டீச்சரம்மா தன் வகுப்புப் பிள்ளைகள் எல்லாருக்கும் மெடல் கேட்டார். முதலாமிடம், இரண்டாமிடம் எதுவும் வேண்டாமாம். ஒவ்வொரு பிள்ளைக்கும் அதற்கு எது நன்றாக வருமோ அதை எழுத வேண்டுமாம். 'அழகாகக் கோலம் போட்டவர்', 'கரும்பலகையைச் சுத்தமாகத் துடைத்தவர்', 'மழையிலும் வந்தவர்' என்று அவர் சொல்லச் சொல்ல நான் தட்டிக்கொண்டே போனேன். ஒரு பிள்ளையின் பெயர் வந்ததும் நிறுத்திவிட்டார். என்ன எழுதுவது என்று நெற்றியைத் தேய்த்தார். "பேசுவா" என்றார். "பாடம் நடக்கும்போதும் பேசுவா, பரீட்சை நடக்கும்போதும் பேசுவா. நான் பேசாதன்னு சொன்னா, ஏன் டீச்சர்னு அதையும் பேசுவா." கடைசியில் 'தயங்காமல் பேசுபவர்' என்று எழுதினோம். சாமான்களைப் பையில் போட்டுக்கொண்டு படியிறங்கியவர் திரும்பிப் பார்த்துச் சொன்னார்: "வாய்க்கு மெடல் குடுத்தாச்சு தங்கச்சி. இனி அது பெரிய ஸ்கூல்காரங்க பாடு."

கண்டக்டரின் ஆசீர்வாதம்

நிமல் அண்ணன் எங்கள் டவுனிலிருந்து மேலே தோட்டங்களுக்குப் போகிற ஒரு பஸ்ஸில் கண்டக்டர். சிங்களவர். தமிழை பஸ்ஸிலேயே படித்தவர். ஒருநாள் மத்தியானம், பஸ் நிற்கிற இடைவேளையில், ஒரு பை நிறையத் தண்ணீர்ப் போத்தல்களோடு வந்தார். கீழ் லயத்துப் பிள்ளைகள் சிலபேர் ஒன்றாம் ஆண்டிலிருந்தே அவருடைய பஸ்ஸில்தான் அடுத்த தோட்டத்துப் பள்ளிக்கூடத்துக்குப் போய் வந்தார்களாம். ஆரம்பத்தில் கம்பி எட்டாமல் இவருடைய சட்டையைப் பிடித்துக்கொண்டு நின்ற பிள்ளைகள். இனி டவுன் ஸ்கூலுக்கு வேறு பஸ்ஸில் போகப் போகிறார்கள். ஆளுக்கொரு போத்தல் கொடுக்க வேண்டும், அதில் தமிழில் ஏதாவது நல்லதாக எழுத வேண்டும்.

"என்ன எழுதணும் அண்ணே?" என்றேன். அவர் தலையைச் சொறிந்தார். "நம்மளுக்கு அப்பிடி பெரிய தமிழ் தெரியாது அக்கே. நான் புள்ளைகளுக்கு டெய்லி சொல்றது ஒண்ணுதான். 'முன்னுக்குப் போங்க, முன்னுக்குப் போங்க.' அது தானே பஸ்ல சொல்றது."

எனக்குச் சிரிப்பும் வந்தது, கையும் தானாகத் தட்டத் தொடங்கியது. தமிழில் முன்னுக்குப் போவது என்றால் பஸ்ஸுக்குள் நகர்வது மட்டுமில்லை, வாழ்க்கையில் நல்ல நிலைக்கு வருவதற்கும் அதுதான் வார்த்தை என்று எனக்குத் தெரிந்த சிங்களத்தில் விளக்கினேன். அவர் முதலில் நம்பவில்லை. செல்வாவிடம் போய்க் கேட்டார். செல்வாவும் ஆமாம் என்று தலையாட்டினார். ஸ்டிக்கர் ஒட்டிய போத்தல் ஒன்றைக் கையில் தூக்கிப் பார்த்துக்கொண்டே நிமல் அண்ணன் சொன்னார்: "அப்ப நான் இவ்வளவு நாளா ஆசீர்வாதம் தானே குடுத்தது! இந்தப் பெரிய ஆளுங்கதான் கேக்க இல்ல, எல்லாம் டோர்லயே நிக்கிறது."

ஹொஸ்டலுக்கு ஒரு கப்

பக்கத்துத் தோட்டத்தில் கொழுந்து பறிக்கிற சரோஜா அக்காவின் மகள் புலமைப்பரிசில் பரீட்சையில் நல்ல புள்ளிகள் எடுத்துவிட்டாள். நுவரெலியாவில் ஒரு ஸ்கூலில் இடம் கிடைத்து ஹொஸ்டலில் தங்கப் போகிறாள். அக்கா ஒரு வெள்ளைக் கப் எடுத்து, அதில் எழுத வேண்டும் என்றார். 'கல்வியே கண்' போடலாமா என்றேன். வேண்டாம். 'நாளைய மருத்துவர்'? அதைக் கேட்டதும் முகத்தைச் சுளித்தார். "அது இன்னும் பால்கோப்பிக்கே அழுவுது. அதுக்குள்ள ஏன் டொக்டராக்குறீங்க?" எதைத்தான் எழுதுவது என்று கேட்டேன். "சாப்பிட்டியாடின்னு எழுதுங்க. வீட்டுல இருந்தா நான் அதத்தானே கேப்பேன். அங்க யாரு கேப்பா? காலையில டீ குடிக்கக் கப்பத் தூக்கினா அதுவே கேக்கட்டும்."

எனக்கு அது பிடித்துவிட்டது. ஆனாலும் எழுத்துக் கோக்கிறவளின் புத்தி சும்மா இருக்குமா? பள்ளிக்கூடப் பிள்ளை, நாலுபேர் பார்க்கிற சாமான், பேச்சுத் தமிழ் வேண்டாமே என்று 'சாப்பிட்டாயா மகளே?' என்று திருத்தமாகப் போட்டுக் காட்டினேன். சரோஜா அக்கா அதை ஒரு தடவை சத்தம் போட்டு வாசித்தார். இன்னொரு தடவை வாசித்தார். பிறகு கப்பை என் பக்கமே மெதுவாகத் தள்ளினார். "இது ரேடியோவுல கேக்குற மாதிரி இருக்கு. நான் கேக்குற மாதிரி எழுதுங்க."

ஒரு சின்ன பெனர்

புலமைப்பரிசில் முடிவு வந்தால் எங்கள் கடையில் கை ஓயாது. வெட்டுப்புள்ளிக்கு மேல் எடுத்த பிள்ளையின் படத்தைப் போட்டுத் தோட்டத்துக்குத் தோட்டம் பெனர் கட்டுவார்கள். வட்டகொடைப் பக்கம் ஒரு தோட்டத்தில் இரண்டு பிள்ளைகள் பாஸ். தோட்டத் தலைவர் வந்து பெரிதாக ஒன்று அடித்துக்கொண்டு போய், பஸ் திரும்புகிற முடக்கில் கட்டினார். சில நாள் கழித்து அதே தோட்டத்திலிருந்து மகேந்திரன் என்று ஒருவர் வந்தார். ஸ்டோரில் வேலை, சட்டையிலேயே தேயிலை வாசம். ஃபோனில் ஒரு பெண் பிள்ளையின் படத்தைக் காட்டி, சின்னதாக ஒரு பெனர் வேண்டும் என்றார். "புள்ள பாஸா அண்ணே?" என்று சந்தோஷமாகக் கேட்டேன். "இல்ல தங்கச்சி" என்றார். "எங்க பவித்ராவுக்குக் கொஞ்சம் கொறஞ்சு போச்சு."

பிள்ளை எப்படி இருக்கிறாள் என்று கேட்டேன். "சாப்பிடுது, தூங்குது. ஆனா அந்த முடக்கு வழியா மட்டும் வர மாட்டேங்குது. பெரிய பெனர் அங்கதானே இருக்கு. தேயிலைக்குள்ள எறங்கி சுத்திக்கிட்டு ஸ்கூலுக்குப் போகுது. அட்டை கடிச்சு காலெல்லாம் ரத்தம்." அதை வேறு இடத்தில் கட்டச் சொல்லலாமே என்று செல்வா மெஷின் பக்கத்திலிருந்து சொன்னார். மகேந்திரன் அண்ணன் உடனே கையை ஆட்டினார். "சேச்சே, அது கூடாதுங்க. அந்த ரெண்டு புள்ளையும் கஷ்டப்பட்டுப் படிச்சதுங்க. அதுங்க சந்தோசம் அதுங்களுக்கு. நம்ம புள்ளைக்கு நாமதானே செய்யணும்."

நான் என் கையிருப்பு வசனங்களை ஒவ்வொன்றாக எடுத்தேன். 'தோல்வியே வெற்றிக்கு முதற்படி.' "தோல்வின்னு எழுதி வீட்டுலயே தொங்க விடவா?" 'மனம் தளராதே.' "தளந்துட்டான்னு லயத்துக்கே சொன்ன மாதிரி ஆயிடும்." 'மீண்டும் முயற்சி செய்' என்று சொல்ல வாயெடுத்தேன், முடியவில்லை, அந்தப் பரீட்சை ஒருவருக்கு ஒரே தடவைதான். எனக்கு வார்த்தை தீர்ந்துவிட்டது. கடைசியில் வேறு வழி தெரியாமல், மகளைப் பற்றி ஏதாவது சொல்லுங்கள் என்றேன். அவர் முகம் மாறிவிட்டது. ஒன்றாம் ஆண்டில் சேர்த்தபோது ஸ்கூல் கேட்டைப் பிடித்துக்கொண்டு விடவே மாட்டாளாம். இப்போது அம்மாவை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போய், நேர்ஸ் மிஸ்ஸிடம் சிங்களத்தில் கேட்டு மருந்து வாங்கிக்கொண்டு வருகிறாளாம். தம்பிக்கு வாய்ப்பாடு சொல்லிக் கொடுக்கிறாளாம். அவர் பேசப் பேச நான் தட்டினேன். 'எங்கள் பவித்ரா ஐந்தாம் ஆண்டை முடித்துவிட்டாள். ஆறாம் ஆண்டுக்குப் போகிறாள். எங்களுக்குச் சந்தோஷம். அப்பா, அம்மா, தம்பி.' அவ்வளவுதான். அவர் உதட்டை அசைத்து வாசித்தார். கண் கலங்கியதை மறைக்கத் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "இதுல பொய்யே இல்லயே தங்கச்சி. பொய் இல்லாம பெனர் அடிச்சா பாக்கிறவங்க நம்புவாங்களா?"

எல்லாரும் சேர்ந்த படம்

அந்தப் பெனரை மகேந்திரன் அண்ணன் வீட்டு இஸ்தோப்பில், அதாவது முன் திண்ணையில், கதவுக்கு மேலே கட்டியிருந்தார். லயத்தில் ஒரு வீட்டு இஸ்தோப்பில் ஏதாவது தொங்கினால் மறைத்து வைக்க முடியாது; தண்ணீர் எடுக்கப் போகிறவர்கள், காலையில் வேலைக்குப் பெயர் கொடுக்கப் பெரட்டுக்குப் போகிறவர்கள், எல்லாருக்கும் அதுதான் வழி. அந்த ஞாயிற்றுக்கிழமையே அதே தோட்டத்துப் பெண்கள் நாலைந்து பேர் கடைக்கு வந்துவிட்டார்கள். "மகேந்திரன் அண்ணன் வீட்டுல தொங்குற மாதிரி எங்களுக்கும் வேணும். எங்க வீட்டுப் புள்ளைங்களும் அஞ்சாம் ஆண்டு முடிச்சதுங்கதானே, எங்களுக்கு எங்கன்னு கேக்குதுங்க." ஆளுக்கொன்று எதற்கு, வகுப்புக்கே சேர்த்து ஒன்று அடித்துப் பள்ளிக்கூடச் சுவரில் கட்டலாம் என்று நான்தான் யோசனை சொன்னேன். வாட்ஸ்அப்பில் படங்கள் வரத் தொடங்கின. கல்யாண வீட்டில் எடுத்தது, மாரியம்மன் திருவிழாவில் எடுத்தது, பின்னால் மாட்டின் தலை தெரிகிற ஒன்று.

வேலை பாதி நடக்கும்போது ஒருவர் படியேறி வந்தார். பாஸான இரண்டு பிள்ளைகளில் ஒருவனான கவினின் அப்பா. எங்கள் பையனுக்குப் போட்டியாக எதிர்ப் பெனரா என்று சண்டைக்கு வந்திருக்கிறாரோ என்று பயந்தேன். அவர் தயங்கித் தயங்கி ஃபோனை நீட்டினார். "எங்க பையனையும் இதுல போடணும். அங்க முடக்குல தனியா தொங்குறது அவனுக்கு ஒரு மாதிரியா இருக்காம். கூட்டாளிங்க எல்லாம் இதுல இருக்காங்களாம்." பாஸான இன்னொரு பிள்ளையின் படமும் அன்று சாயங்காலமே வந்து சேர்ந்தது.

பெனரைக் கட்டப் போனது செல்வா. அவர் ஏணியில் நிற்கும்போதே பிள்ளைகள் கூடிவிட்டார்களாம். பவித்ராவும் முடக்கு வழியாக, ரோட்டிலேயே நடந்து வந்து நின்றாளாம். எப்படி இருக்கிறது என்று செல்வா கேட்டிருக்கிறார். அவள் சொன்னதை அவர் வீட்டுக்கு வந்து அப்படியே எனக்குச் சொன்னார்: "நல்லாத்தான் இருக்கு மாமா. ஆனா என்னைய ஏன் கவின் பக்கத்துல போட்டீங்க? அவன் தோள் என் மூஞ்சில இடிக்குது. கிளாஸ்லயும் இப்படித்தான் இடிப்பான்."

பிரதம அதிதி

பவித்ரா படித்த அந்தப் பள்ளிக்கூடத்துப் பிரியாவிடைக்கு எங்கள் இருவரையும் கூப்பிட்டிருந்தார்கள். வடையும் டீயும் கிடைக்கும் என்று கடையைப் பூட்டிவிட்டுப் போனோம். பிரதம அதிதியாக வர வேண்டியவர், பாதையில் மண் சரிந்து கிடக்கிறது என்று ஃபோன் பண்ணிவிட்டார். அந்தப் பள்ளிக்கூடத்து அதிபர் மேடையிலிருந்து சுற்றும் முற்றும் பார்த்தார். அவர் கண் என் மேல் நின்றது. "இந்த வசனமெல்லாம் எழுதுறதே இவங்கதான். இப்ப பிள்ளைகளுக்கு ரெண்டு வார்த்தை பேசுவாங்க" என்று அறிவித்தேவிட்டார். செல்வா முழு வடையையும் வாயில் போட்டுக்கொண்டு வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். சக துன்பவாசிகளே, ஊருக்கெல்லாம் வார்த்தை விற்கிறவளின் வாயில் அன்று ஒரு வார்த்தை இல்லை. மைக்கைப் பிடித்தேன். எழுதியதை அழித்துவிட்டு மறுபடி தட்டுகிற வசதி மைக்கில் கிடையாது.

முன்வரிசையில் ஐந்தாம் ஆண்டுப் பிள்ளைகள் தலைக்கு எண்ணெய் வைத்து, வழித்துச் சீவி, என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். வேறு எதுவும் தோன்றாமல், "பெரிய ஸ்கூலுக்குப் போறதுல உங்களுக்கெல்லாம் என்ன பயம்?" என்று கேட்டுவிட்டேன். வரிசைக் கடைசியிலிருந்து ஒரு பையன், "டொய்லட் எங்க இருக்குன்னு தெரியாது" என்றான். எல்லாரும் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை, அது நியாயமான பயம். "முதல் நாள், முதல் மணி அடிக்கிறதுக்கு முன்னாடியே யார்கிட்டயாவது கேட்டுப் பார்த்து வச்சுக்க. அவசரம் வந்த பிறகு தேடாத" என்றேன். பஸ்ஸை விட்டுவிட்டால் என்ன செய்வது என்று ஒரு பிள்ளை கேட்டது. "எங்க கடைக்கு வா. வீட்டுக்கு ஃபோன் பண்ணித் தர்றேன், அடுத்த பஸ் வர்ற வரைக்கும் பெஞ்சுல இரு." கவின் எழுந்து, தான் போகிற ஸ்கூலில் தனக்கு யாரையும் தெரியாது என்றான். முடக்கில் அவ்வளவு பெரிதாகச் சிரித்துக்கொண்டு தொங்கியவன், குரல் உள்ளே போய்ப் பேசினான். "அங்க வர்றவங்க யாருக்குமே யாரையும் தெரியாதுப்பா. யாரு முதல்ல பேரு கேக்கிறாங்களோ, அவங்களுக்குத்தான் முதல் கூட்டாளி."

பிறகு பவித்ரா எழுந்தாள். "அங்க எங்க மார்க்ஸ கேப்பாங்களா?" என்றாள். மகேந்திரன் அண்ணன் தரையைப் பார்த்தார். பொய் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. "கேப்பாங்க. முதல் நாள் மார்க்ஸ் கேப்பாங்க. ரெண்டாம் நாள், உங்கிட்ட அழிறப்பர் இருக்கான்னு கேப்பாங்க. அதுக்குப் பிறகு அழிறப்பரத்தான் கேட்டுக்கிட்டே இருப்பாங்க. அத மட்டும் மறக்காம வச்சுக்க." அவள் கொஞ்சம் யோசித்தாள். "எங்கிட்ட ரெண்டு இருக்கு" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தாள். அவள் முகத்தில் சிரிப்பு வந்தது. அவளுடைய அப்பா கைதட்டத் தொடங்கினார், மற்றவர்களும் சேர்ந்துகொண்டார்கள். இனித்தான் பேச்சைத் தொடங்க வேண்டும் என்றால் என்னிடம் ஒன்றும் இல்லை. மைக்கை அதிபரிடம் கொடுத்துவிட்டு வேகமாக இறங்கினேன். முன்வரிசையில் ஓரத்தில் இருந்த ஒரு சின்னப் பெண், என் சேலையைப் பிடித்து இழுத்து, ரகசியம் மாதிரி கேட்டாள்: "அக்கா, ரெண்டு வார்த்தை பேசுவீங்கன்னு சேர் சொன்னாரு. அது எப்ப தொடங்கும்?"

இந்தத் தொழிலில் நான் கண்டது இவ்வளவுதான்: பிள்ளைக்குச் சொல்ல வேண்டிய வார்த்தையை வாடிக்கையாளர்கள் வாயிலேயே வைத்துக்கொண்டு வருகிறார்கள், அதை எந்த எழுத்தில் எந்த நிறத்தில் போடுவது என்பதைத்தான் நான் பெரிய வேலை என்று நினைத்துக்கொண்டிருக்கிறேன்.